சிரிப்பைக் கேட்டுக் கேட்டு எழுதியவர்

மயிலாப்பூரில் ஒரு சபா. ஞாயிற்றுக்கிழமை சாயந்திரம் ஆறேமுக்கால். கேன்டீனில் ரவா தோசையை அவசரமாக முடித்துவிட்டு வந்தவர்கள் இருட்டில் இருக்கை எண்ணைத் தேடிக்கொண்டிருக்கிறார்கள். மேடையில் ஒரு சோபா, ஒரு டெலிபோன், இந்தப் பக்கம் ஒரு கதவு, அந்தப் பக்கம் ஒரு கதவு. செட் அவ்வளவுதான். திரை விலகி இரண்டு நிமிடத்தில் முதல் வெடி. ஐந்தாவது நிமிடத்தில் அரங்கமே குலுங்குகிறது.

எனக்கு முன்வரிசையில் ஒரு தம்பதி. மாமாவுக்கு எழுபதைத் தாண்டியிருக்கும், காது மந்தம். ஒவ்வொரு வெடிக்கும் மாமி பக்கம் சாய்ந்து, “என்ன சொன்னான்?” என்கிறார். மாமி தன் சிரிப்பை அடக்கிக்கொண்டு காதோடு சொல்கிறார். மாமாவுக்கு அது போய்ச் சேர நாலு நொடி ஆகிறது. அதற்குள் அரங்கம் அடங்கிவிடுகிறது. அந்த அமைதியில் மாமா மட்டும் தொடையைத் தட்டிக்கொண்டு தனியாக ஒரு சிரிப்புச் சிரிக்கிறார். அதைக் கேட்டு மொத்தக் கூட்டமும் இரண்டாவது தடவை சிரிக்கிறது. மேடையில் யாரும் அடுத்த வசனத்துக்குப் போகவில்லை. ஒருவர் சோபா உறையை இழுத்துவிடுகிறார். இன்னொருவர் கைக்கடிகாரத்தைப் பார்க்கிறார். மாமா சிரித்து முடிக்கும்வரை நாடகம் நிற்கிறது.

1990களின் நடுவில் நான் பார்த்த கிரேஸி மோகன் நாடகம் அது. கதையை இன்று வரிசையாகச் சொல்லச் சொன்னால் தடுமாறுவேன். அந்த நாலு நொடி அப்படியே இருக்கிறது. சிரிப்புக்கு எங்கே இடம் விட வேண்டும் என்று பேனா பிடிக்கும்போதே தெரிந்தவர் எழுதிய நாடகம் அது என்பது பின்னால்தான் புரிந்தது.

இப்போது எந்தப் பெரிய படம் வந்தாலும், ‘முழுக்க முழுக்கக் காமெடி’ என்ற விளம்பரத்தோடு வந்தாலும், இடைவேளையில் வெளியே வருகிறவர்கள் கேட்பது ஒரே கேள்வி: “காமெடி எழுத இப்ப யார் சார் இருக்கா?” மேற்கு மாம்பலம் டீக்கடையிலும் அடையாறு காபிக் கடையிலும் இதே பேச்சு. கேட்டவரே பதிலும் சொல்லிவிடுவார்: “கிரேஸி மோகன் போயிட்டார், அதோட போச்சு.”

அந்தப் பதில் பாதிதான் சரி. 2019 ஜூன் 10ஆம் தேதி ஆழ்வார்பேட்டை மருத்துவமனை ஒன்றில் மாரடைப்பால் மோகன் இறந்தது உண்மை. அதே நாள் பெங்களூரில் கிரீஷ் கர்னாட் இறந்தார். மேடைக்கு எழுதிச் சினிமாவுக்கு வந்த இருவரை இந்த நாடு ஒரே நாளில் இழந்தது. ஆனால் மனிதரை மட்டும் தேடினால் கேள்விக்கு விடை கிடைக்காது. அவரைச் செய்த பட்டறை என்ன ஆயிற்று என்று பார்க்க வேண்டும்.

மந்தைவெளிக்காரர்

மோகன் ரங்காச்சாரி 1952 அக்டோபர் 16இல் பிறந்தார். கூட்டுக் குடும்பம். கிண்டி பொறியியல் கல்லூரியில் மெக்கானிக்கல் படித்தார். 1972இல் கல்லூரிகளுக்கு இடையிலான போட்டிக்கு ‘கிரேட் பேங்க் ராபரி’ என்று ஒரு குறுநாடகம் எழுதி நடித்தார். சிறந்த எழுத்தாளர், சிறந்த நடிகர் இரண்டு பரிசும் அவருக்கே. பரிசு கொடுக்க வந்திருந்தவர் ஓர் இளம் நடிகர். அவர் பெயர் கமல்ஹாசன். அந்த மேடையில் இருந்த இருவரும் பதினேழு ஆண்டு கழித்து என்ன செய்யப்போகிறார்கள் என்று அன்று யாருக்கும் தெரியாது.

படிப்பு முடிந்ததும் பாடியில் சுந்தரம் கிளேட்டன் வேலை. பகலில் தொழிற்சாலை, ராத்திரியில் எழுத்து. 1976இல் எஸ்.வி. சேகரின் ‘நாடகப்ரியா’ குழுவுக்காக எழுதிய ‘கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ பிய்த்துக்கொண்டு ஓடியது. திருவான்மியூரைத் தாண்டினால் சவுக்குத் தோப்பும் மணலும்தான் என்றிருந்த காலத்தில் பாலவாக்கம் என்ற பெயரே சபா ரசிகருக்குப் பாதிச் சிரிப்பு. நாடகத்தின் தலைப்பிலிருந்த முதல் சொல் எழுதியவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 1979இல் சொந்தக் குழு, ‘கிரேஸி கிரியேஷன்ஸ்’. தம்பி பாலாஜி கதாநாயகன். மாது என்ற பாத்திரத்தில் அவர் விடாமல் நடித்து மாது பாலாஜி ஆனார். சீனுவாக வந்த இன்னொரு மோகன் சீனு மோகன் ஆனார். இயக்கம் எஸ்.பி. காந்தன். ஆட்களின் பெயரையே மாற்றிவிடும் அளவுக்கு நாடகங்கள் ஓடிய காலம் அது.

1983இல் கே. பாலசந்தர், மோகனின் ‘மேரேஜ் மேட் இன் சலூன்’ நாடகத்தைப் ‘பொய்க்கால் குதிரை’ என்று படமாக்கினார். மோகன் சினிமாவுக்குள் வந்த வாசல் அதுதான். கவிஞர் வாலி நடிகராக வந்ததும் அதே படத்தில்தான்.

வீடு மந்தைவெளி. சபாக்கள் மயிலாப்பூரிலும் டி.டி.கே. சாலையிலும் தி.நகர் வாணி மகாலிலும். கமலின் அலுவலகம் எல்டாம்ஸ் சாலை. 12பி பேருந்தில் ஏறினால் லஸ், ஆழ்வார்பேட்டை, தி.நகர் வழியாகக் கோடம்பாக்கத்துக்கே போய்விடலாம். அவருடைய தொழில் வாழ்க்கை பெரும்பாலும் இந்தச் சின்ன வட்டத்துக்குள் நடந்தது. வெற்றிலை போட்டுச் சிவந்த வாயோடு, பேட்டை ஆட்களின் பேச்சைக் காதில் வாங்கிக்கொண்டு, அந்தப் பேட்டைக்கே திருப்பிக் கொடுத்தவர் அவர்.

> ஒரு பார்வையில்
> பிறப்பு: 16.10.1952. மறைவு: 10.6.2019.
> முதல் முழு நீள நாடகம்: கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம் (1976).
> சொந்தக் குழு: கிரேஸி கிரியேஷன்ஸ் (1979).
> எழுதியவை: சுமார் 30 நாடகங்கள், 40க்கு மேற்பட்ட படங்களுக்கு வசனம், தொலைக்காட்சித் தொடர்கள், நூற்றுக்கு மேற்பட்ட சிறுகதைகள், ஆயிரக்கணக்கில் வெண்பாக்கள்.
> பேர் வாங்கிய நாடகங்களில் சில: அலாவுதீனும் 100 வாட்ஸ் பல்பும், மாது +2, மதில் மேல் மாது, மீசை ஆனாலும் மனைவி, ஜுராஸிக் பேபி, சாக்லேட் கிருஷ்ணா, கூகுள் கடோத்கஜன்.
> விருது: தமிழக அரசின் கலைமாமணி.

வெஸ்ட்டா, வேஸ்ட்டா?

மோகன் பாணி என்றால் சிலேடை என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறார்கள். சிலேடை போட இந்த ஊரில் ஆயிரம் பேர் இருக்கிறார்கள். கல்யாணப் பந்தியில் உட்கார்ந்தால் பக்கத்து இலைக்காரர் நாலு போடுவார். மோகன் செய்தது வேறு. அவர் வசனத்தை இங்கே எடுத்துப் போடாமல், அந்த முறையில் நானே ஜோடித்த ஒரு துண்டை வைத்துச் சொல்கிறேன். வீட்டுத் தரகரும் வீட்டுக்காரரும் பேசுகிறார்கள்:

“வீடு எங்க சார்?”

“மாம்பலம்.”

“வெஸ்ட்டா?”

“வேஸ்ட்டா? ரெண்டு வேளையும் கார்ப்பரேஷன் தண்ணி வர்றது, வேஸ்ட்டுங்கறீரே!”

“ஐயோ, ஈஸ்ட்டா வெஸ்ட்டான்னு கேட்டேன்.”

“ஈஸ்ட்டெல்லாம் எங்காத்துல சேர்க்கறதில்லை. உளுந்தை ஊறப்போட்டு அரைச்சா மாவு தானா பொங்கறது.”

“தானாவா? ஒரு கிலோ மாவு என்ன விலைக்குக் குடுப்பீங்க?”

முதல் பதிலோடு நிறுத்தினால் அது பந்திச் சிலேடை. மோகன் அங்கேதான் ஆரம்பிப்பார். தப்பாகக் கேட்டவர் தன் தப்பில் உறுதியாக நிற்பார். சரியாகக் கேட்டவர் அதைத் திருத்தப் போய் இன்னொரு பள்ளத்தில் விழுவார். கடைசியில் தரகர் வந்த வேலையை மறந்து மாவு விலை கேட்டுக்கொண்டிருப்பார். இரண்டு பேருமே முட்டாள்கள் இல்லை. அவரவர் காதில் விழுந்ததற்கு அவரவர் நியாயமாகப் பதில் சொல்கிறார்கள். அதனால்தான் பார்க்கிறவருக்கு அந்த ஆட்கள் மேல் வெறுப்பு வருவதில்லை. நம் வீட்டிலும் நடக்கிற சண்டைதானே!

இதில் தமிழின் வாக்கிய அமைப்புக்கும் பங்கு இருக்கிறது. வினை கடைசியில் வருகிற மொழி நம்முடையது. யார், எங்கே, எதை என்று எல்லாம் சொல்லி முடித்த பிறகுதான் என்ன செய்தான் என்று தெரியும். அதுவரை கேட்கிறவர் மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்பார். மோகன் வெடியை அந்தக் கடைசிச் சொல்லில் வைப்பார். ரமணரின் வாழ்வை ‘ரமணாயணம்’ என்று வெண்பாவில் பாடியவர் அவர். வெண்பாவின் ஈற்றடி மூன்று சீரில் சட்டென்று நின்றுவிடும். நாள், மலர், காசு, பிறப்பு என்று ஏதாவது ஒரு வாய்பாட்டில்தான் முடிய வேண்டும், அதற்கு மேல் ஓர் அசை கூடாது. அந்தக் கட்டுப்பாட்டில் பழகிய கைக்கு நகைச்சுவை வசனத்தை எங்கே வெட்ட வேண்டும் என்று யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. வெடிக்குப் பிறகு ஒரு சொல் அதிகமாக இருந்தாலும் அது சிரிப்பின் மேல் விழுந்து அமுக்கிவிடும்.

தனி டிராக் போன இடம்

1980களின் தமிழ் சினிமாவில் நகைச்சுவை என்பது பெரும்பாலும் தனி டிராக். கதை ஒரு பக்கம், காமெடி ஒரு பக்கம். கதையை ஒருவர் எழுதுவார், கவுண்டமணி, செந்தில் காட்சிகளை ஏ. வீரப்பன் எழுதுவார். அந்தக் காட்சிகள் தம்மளவில் பிரமாதம், அதில் சந்தேகமில்லை. வெட்டி எடுத்துத் தனியாகப் போட்டாலும் நிற்கும். கதையிலிருந்து எடுத்தால் கதைக்கும் ஒன்றும் ஆகாது.

1989இல் ‘அபூர்வ சகோதரர்கள்’. பழிவாங்கும் கதை, ரத்தமும் கண்ணீரும் உள்ள கதை. அதில் இன்ஸ்பெக்டர் ஜனகராஜும் கான்ஸ்டபிள் ஆர்.எஸ். சிவாஜியும். ஒவ்வொரு கொலைக்கும் இன்ஸ்பெக்டர் தப்புத் தப்பாக ஒரு முடிவுக்கு வருவார். அதைக் கேட்டுப் புல்லரித்துப்போய் கான்ஸ்டபிள் ஒரு வரி சொல்வார். அந்த வரியை நான் எழுதத் தேவையில்லை. இதைப் படிக்கும்போதே உங்கள் வாய் அதைச் சொல்லியிருக்கும். அலுவலகத்தில் மேலாளர் ஏதாவது உளறினால் முப்பத்தைந்து ஆண்டாக நாம் சொல்லிக்கொண்டிருப்பது அதைத்தான். அந்த இருவரையும் படத்திலிருந்து எடுத்துவிட்டால் துப்பறியும் கதையே நின்றுபோகும். சிரிப்பு கதையின் அச்சாணியாகிவிட்டது.

அடுத்த ஆண்டு தீபாவளிக்கு ‘மைக்கேல் மதன காமராஜன்’. சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கம், கமலின் திரைக்கதை, மோகனின் வசனம். நாலு கமல், நாலு விதமான பேச்சு. கல்யாண வீட்டுச் சாம்பாரில் மீன் விழுகிற காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். மீன் விழுந்தது பார்க்கிறவருக்குத் தெரியும், பந்தியில் இருப்பவருக்குத் தெரியாது, சமையல்காரருக்குத் தெரிந்தும் சொல்ல முடியாது. இந்த மூன்று நிலைக்கும் நடுவில் ஒவ்வொரு வரியும் இரண்டு அர்த்தத்தோடு நடக்கிறது. சபா மேடையில் இரண்டு கதவும் ஒரு சோபாவும் வைத்துக்கொண்டு பதினைந்து ஆண்டு செய்து பார்த்த வித்தை அது. படம் எடுத்தவர்களிடம் பணமும் கேமராவும் இருந்தன. அந்தக் காட்சியை நிற்கவைத்தது மேடைக் கணக்கு.

அதன் பிறகு ‘அவ்வை சண்முகி’, ‘காதலா காதலா’, ‘தெனாலி’, ‘பஞ்சதந்திரம்’, ‘பம்மல் கே. சம்பந்தம்’, ‘வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.’ என்று வரிசை நீண்டது. ரஜினிக்கு ‘அருணாச்சலம்’ எழுதினார். 2012இல் ராஜமௌலியின் ‘நான் ஈ’ படத்துக்குத் தமிழ் வசனம் எழுதினார், அதில் கதாநாயகனாகிய ஈ ஒரு வார்த்தைகூடப் பேசாது.

> ஜானகி என்ற டீச்சர்
> மோகனின் நாயகிகள் பெரும்பாலும் ஜானகிகள். நாடகத்தில் மாதுவின் மனைவி ஜானகி. ‘அபூர்வ சகோதரர்கள்’ கௌதமி, ‘மகளிர் மட்டும்’ ஊர்வசி, ‘அவ்வை சண்முகி’ மீனா, ‘தெனாலி’ ஜோதிகா, ‘பம்மல் கே. சம்பந்தம்’ சிம்ரன், ‘வசூல்ராஜா’ சினேகா எல்லோரும் ஜானகிதான். பள்ளிக்கூடத்தில் அவரை முதன்முதலில் மேடையேற்றிய ஆசிரியையின் பெயர் அது. குருதட்சிணையை அவர் ஒவ்வொரு படத்திலும் தவணையாகக் கட்டிக்கொண்டே வந்தார்.

ஊருக்கு ஒரு தமிழ்

மயிலாப்பூர் எழுத்தாளர் என்றால் மயிலாப்பூர்த் தமிழ் மட்டும்தான் வரும் என்று ஒரு குறை உண்டு. சபா நாடகங்களுக்கு அந்தக் குறை ஓரளவு பொருந்தும். மோகனின் நாடகங்களே மத்தியதர பிராமண வீட்டுக் கூடத்தைவிட்டு அதிகம் வெளியே போனதில்லை. ஆனால் சினிமா அவர் காதை அகலமாக்கியது. ‘மைக்கேல் மதன காமராஜன்’ படத்தில் காமேஸ்வரனாக வந்த கமலும் டெல்லி கணேஷும் ஊர்வசியும் பேசியது பாலக்காட்டுத் தமிழ். ‘சதிலீலாவதி’யில் கமலும் கோவை சரளாவும் பேசியது கொங்குத் தமிழ். ‘வசூல்ராஜா’வில் சென்னைத் தமிழ். ஒவ்வொரு பேச்சிலும் எந்தச் சொல் எந்தச் சொல்லாகக் காதில் தப்பாக விழும் என்பது வேறு வேறு. அதைக் கண்டுபிடிக்காமல் அந்தந்த ஊருக்குச் சிலேடை எழுத முடியாது.

‘தெனாலி’யில் ஈழத்துத் தமிழ். 2000ஆம் ஆண்டு, போர் உச்சத்தில் இருந்த நேரம். எதைப் பார்த்தாலும் பயப்படுகிற ஓர் ஈழத்தமிழன் சென்னை மனநல மருத்துவரிடம் வருகிறான். தனக்கு எதற்கெல்லாம் பயம் என்று அவன் அடுக்கிக்கொண்டே போகிற இடத்தில் தியேட்டர் விழுந்து விழுந்து சிரித்தது. நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்த பிறகுதான் அந்தப் பட்டியல் எங்கிருந்து தொடங்கியிருக்கும் என்று யோசித்தேன். குண்டு விழுந்த ஊரிலிருந்து வந்தவனுக்குப் பயம் எப்படிப் பட்டியல் போட்டு முடியும்? அந்தச் சிரிப்பு தொண்டையில் கொஞ்சம் நிற்கத்தான் செய்கிறது.

எல்லாமே காலத்தில் நின்றுவிட்டன என்று சொல்ல மாட்டேன். ‘சதிலீலாவதி’யில் குண்டான மனைவியின் உடம்பை வைத்துச் செய்த கேலி இன்று உறுத்துகிறது. படம் கடைசியில் அவள் பக்கம்தான் நிற்கிறது, ஆனாலும் உறுத்துகிறது. ‘பஞ்சதந்திரம்’ பெண்களைப் பற்றி அடிக்கிற சில அடிகளைக் குடும்பத்தோடு உட்கார்ந்து கேட்க முடியவில்லை. மேடையில் ஒரு கொச்சை இல்லாமல் முப்பது நாடகம் எழுதியவர் பேனாவிலிருந்து அவை வந்தன என்பதால் வருத்தம் கூடுதல்.

ஆனால் ‘மகளிர் மட்டும்’ இருக்கிறதே! 1994இல் வந்த படம். மேலதிகாரியின் தொந்தரவைத் தாங்க முடியாத மூன்று பெண்கள்: ரேவதி, ஊர்வசி, ரோகிணி. தொந்தரவு கொடுப்பவர் நாசர். வேலை செய்யும் இடத்தில் பெண்களுக்குப் பாதுகாப்பு வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் விசாகா வழக்கில் சொன்னது 1997இல். அதற்கான சட்டம் வந்தது 2013இல். சட்டத்துக்குப் பெயர்கூட இல்லாத காலத்தில், அந்த வலியைச் சொல்ல அலுவலகப் பெண்களுக்கு வார்த்தை இல்லாத காலத்தில், ஒரு நகைச்சுவைப் படம் அதைச் சத்தமாகச் சொன்னது. தியேட்டரில் பெண்கள் கூட்டமாக வந்து கூட்டமாகச் சிரித்தார்கள். அதே படத்தில் நாகேஷ் பிணமாக வருவார், வசனமே கிடையாது. வசனகர்த்தா எழுதிய படத்தில் ஊர் முழுக்கப் பேசிய காட்சி, ஒரு வார்த்தை பேசாதவருடைய காட்சி. எங்கே எழுதக் கூடாது என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தது.

> லண்டனில் ஒரு கிளைவ் எக்ஸ்டன்
> மோகனின் ஆதர்சம் பி.ஜி. வுட்ஹவுஸ். அந்த வுட்ஹவுஸை பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்குக் கொண்டுவந்தவர் கிளைவ் எக்ஸ்டன் (1930–2007). 1950களின் இறுதியில் தொலைக்காட்சிக்குத் தனி நாடகங்கள் எழுதத் தொடங்கியவர். 1971இல் ‘10 ரில்லிங்டன் பிளேஸ்’ என்ற கொலைக் கதைக்குத் திரைக்கதை எழுதினார். பிறகு அகதா கிறிஸ்டியின் ‘புவாரோ’. 1990 முதல் 1993 வரை வந்த ‘ஜீவ்ஸ் அண்ட் வூஸ்டர்’ தொடரின் 23 பகுதிகளையும் அவர் ஒருவரே எழுதினார். வுட்ஹவுஸின் வேடிக்கை பாதிக்கு மேல் கதை சொல்கிற குரலில் இருக்கிறது. அதை ஆட்களின் வாய்க்கு மாற்றுவதுதான் அவருக்கு வேலை. அந்தத் தொடர் அங்கே தொடங்கிய அதே 1990இல்தான் இங்கே சாம்பாரில் மீன் விழுந்தது.

டிவி வந்ததும் போனதும்

சென்னைத் தூர்தர்ஷன் 1975 ஆகஸ்ட் 15இல் தொடங்கியது. செவ்வாய்க்கிழமை நாடகத்துக்காக டிவி இருக்கிற வீட்டில் தெருவே உட்கார்ந்திருந்த காலத்தை ஐம்பதைக் கடந்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். சபா நாடகக்காரர்களுக்கு அது வரம். மதுரையிலும் திருச்சியிலும் இருப்பவர்கள் பின்னால் அவர்களை வீட்டிலேயே பார்த்தார்கள். மோகனின் எழுத்தும் அந்த வழியில் வீடு வீடாகப் போனது. பிறகு ஜெயா டிவியில் ‘விடாது சிரிப்பு’.

அதே டிவிதான் சபாவின் சாயந்திரத்தையும் எடுத்துக்கொண்டது. 1993இல் சன் டிவி வந்தது. தொண்ணூறுகளின் கடைசியில் தினசரித் தொடர்கள் ஏழு மணியிலிருந்து பத்து மணி வரை வரிசை கட்டி நின்றன. நாடகம் பார்க்க ஆட்டோ பிடித்துப் போன மாமியும் மாமாவும் வீட்டிலேயே உட்கார்ந்துவிட்டார்கள். இதில் யாரையும் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் அன்றிலிருந்து எழுதுகிறவருக்கு ஒன்று கிடைக்காமல் போனது. டிவியில் சிரிப்பொலியைப் பின்னால் சேர்த்துவிடலாம். அந்தச் சிரிப்பு எழுதியவருக்கு எதையும் கற்றுக்கொடுக்காது.

காசு விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். மோகன் எழுதிய காட்சிகள் சேனல்களில் மாறி மாறி ஓடுகின்றன. கைப்பேசியில் முப்பது நொடித் துண்டுகளாகச் சுற்றுகின்றன. பிரிட்டனில் எக்ஸ்டன் மாதிரி ஒருவர் எழுதிய பகுதி மறுபடி ஒளிபரப்பானால் எழுதியவருக்கு ஒரு தொகை போகிற ஏற்பாடு வெகுகாலமாக உண்டு. இங்கே வசனகர்த்தாவுக்குப் பேசிய தொகை கைக்கு வந்தால் கணக்கு முடிந்தது என்பதே வழக்கம். 2012இல் காப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டது. படம் தியேட்டருக்கு வெளியே எப்படிப் பயன்பட்டாலும் எழுதியவருக்கு ராயல்டி பெறும் உரிமை உண்டு, அந்த உரிமையை அவரே நினைத்தாலும் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிட முடியாது என்று சட்டம் தெளிவாகச் சொல்கிறது. பாட்டு விஷயத்தில் இதற்காகச் சண்டை போட ஆள் இருக்கிறது. வசனத்துக்காகக் குரல் அவ்வளவு எழவில்லை. நாம் எல்லோரும் தினம் பேசுகிற ஒரு வரியை எழுதியவருக்கு, அந்த வரியால் வரும் வருமானத்தில் பங்கு இருக்க வேண்டும் என்பது சலுகை இல்லை, நியாயம்.

> சபாவிலிருந்து ஸ்டூடியோவுக்கு
> பம்மல் சம்பந்த முதலியார் சுகுண விலாச சபையைத் தொடங்கியது 1891இல். அவருடைய ‘சபாபதி’ 1941இல் படமாகி இன்றும் சிரிக்க வைக்கிறது. ‘பம்மல் கே. சம்பந்தம்’ என்ற தலைப்பு அவருக்கு வணக்கம். ‘அவ்வை சண்முகி’ டி.கே. சண்முகத்துக்கு. ஒளவையாராக மேடையில் வாழ்ந்த அவர் பெயரைத்தான் லாயிட்ஸ் சாலையும் தாங்கியிருக்கிறது. கமல் சிறுவயதில் அவர் குழுவில் இருந்தவர்.
> ஒய்.ஜி. பார்த்தசாரதியின் யு.ஏ.ஏ. நாடகக் குழு 1952இல் தொடங்கியது. ஏ.ஜி. (அக்கவுன்டன்ட் ஜெனரல்) அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டே நாடகம் போட்ட கே. பாலசந்தர், சோ, விசு, மௌலி எல்லோரும் மேடையில் அடிபட்டு வந்தவர்கள்.

பட்டறை எங்கே?

சோ 2016இல் போனார். நடிகர் நீலு 2018 மே மாதம். சீனு மோகன் அதே ஆண்டு டிசம்பரில். ஆறு மாதத்தில் மோகன். விசு 2020இல். ஆர்.எஸ். சிவாஜி 2023இல். டெல்லி கணேஷ் 2024இல். ஒரு தெருவே காலியான மாதிரி இருக்கிறது.

இவர்கள் எல்லோருக்கும் பொதுவாக ஒன்று இருந்தது. எழுதியதை ஞாயிற்றுக்கிழமை ஐந்நூறு பேர் முன்னால் வைப்பார்கள். எந்த வரிக்குச் சிரிப்பு வந்தது, எந்த வரிக்கு இருமல் வந்தது என்று அங்கேயே தெரிந்துவிடும். அடுத்த ஞாயிறு வாணி மகாலில் போடும்போது அந்த வரி மாறியிருக்கும். ஒரே நாடகத்தை நூற்றுக்கணக்கான தடவை போட்டால் அந்த எழுத்தில் என்ன மிச்சமிருக்கும்? நின்றது மட்டும் மிச்சமிருக்கும். மோகன் சினிமாவில் உச்சியில் இருந்தபோதும் மேடையை விடாததற்கு அன்பு ஒரு காரணம். அங்கே போனால்தான் காது தீட்டப்படும் என்பதும் இன்னொரு காரணமாக இருந்திருக்க வேண்டும். ‘சாக்லேட் கிருஷ்ணா’வில் கிருஷ்ணராக அவரே வேஷம் கட்டி நின்றார். எழுதிய வரி எப்படிப் போய் விழுகிறது என்று முன்வரிசை முகங்களிலேயே பார்க்கலாம் அல்லவா?

இன்று சினிமாவுக்குக் காமெடி எழுதுகிற இளைஞர்கள் திறமையில் குறைந்தவர்கள் இல்லை. ஏ.சி. அறையில் நாலு பேர் உட்கார்ந்து எழுதுகிறார்கள், அந்த நாலு பேரும் சிரிக்கிறார்கள். படம் வெளியாகும் வெள்ளிக்கிழமைதான் ஐந்நூறாவது ஆள் அதைக் கேட்கிறான். அப்போது ஒரு சொல்லைக்கூட மாற்ற முடியாது. தனியாக மைக் பிடித்து நின்று பேசுகிற ஸ்டாண்டப் மேடை இப்போது வளர்கிறது. அதில் காது தீட்டப்படும், நிச்சயம். ஆனால் அது ஒற்றைக் குரல். வெஸ்ட்டுக்கும் வேஸ்ட்டுக்கும் நடுவில் இரண்டு பேர் மாட்டிக்கொள்கிற வித்தையை அங்கே பழக முடியாது.

மோகனின் நாடகங்களை மாது பாலாஜியும் குழுவும் தொடர்ந்து போட்டு வருகிறார்கள். கார்த்திக் ஃபைன் ஆர்ட்ஸின் கோடை நாடக விழாவில் ஆண்டுதோறும் புது நாடகங்கள் வருகின்றன. சில நன்றாக இருக்கின்றன, சில இல்லை. எனக்கு இரண்டுமே சந்தோஷம்தான். சரியில்லாத நாடகம் போட இடம் இருந்தால்தானே சரியான நாடகம் பிறக்கும்? சபாக்கள் மாதத்தில் ஒரு சாயந்திரத்தைப் புதிய எழுத்தாளருக்கு வாடகை வாங்காமல் ஒதுக்கலாம். படத் தயாரிப்பாளர்கள் காமெடிக் காட்சிகளைப் படமாக்கும் முன் ஒரு சின்ன அரங்கில் போட்டுப் பார்க்கலாம். ஒரு நாள் படப்பிடிப்புக்கு ஆகிற செலவில் நூறில் ஒரு பங்குகூட ஆகாது.

சமீபத்தில் ஒரு புதுக் குழுவின் நாடகத்துக்குப் போயிருந்தேன். அரங்கத்தில் பாதி காலி. கடைசி வரிசைக்குப் பின்னால், சுவரில் சாய்ந்தபடி ஓர் இளைஞர் நின்றுகொண்டிருந்தார். கையில் தட்டச்சு செய்த தாள்கள், பென்சில். நாடகத்தை எழுதியவர் அவர்தான் என்று பிறகு தெரிந்தது. மேடையைப் பார்க்காமல் கூட்டத்தின் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தார். சிரிப்பு வந்த இடத்தில் ஒரு டிக் போட்டார். சில இடங்களில் இரண்டு டிக். நாலாவது பக்கத்தில் அவர் மிகவும் நம்பியிருந்த வரி ஒன்று வந்திருக்க வேண்டும். அந்த வரிக்கு முன்பே முகத்தில் ஓர் எதிர்பார்ப்பு. நடிகர் பேசினார். யாரும் சிரிக்கவில்லை. முன்வரிசையில் யாரோ ஒருவர் இருமினார். இளைஞர் அந்த வரியைச் சுற்றி நிதானமாக ஒரு வட்டம் போட்டுவிட்டு, தாளைத் திருப்பினார்.